எட்டு நிமிடத்துக்குள் கோலாலம்பூர்: குறும்படக் கேள்வி பதில்

தலைநகரத்தைக் குறும்படத்தில் காட்டுவது பற்றி வாசகர்கள் நிறையவே எழுதியிருக்கிறீர்கள். ஒரே மாதிரியானவற்றைச் சேர்த்து, சுருக்கி, இந்த இதழில் பதில் தருகிறோம்.

எட்டு நிமிடப் படத்தில் கோலாலம்பூர் வாழ்க்கையைக் காட்ட நினைக்கிறோம். இரட்டைக் கோபுரத்தில் தொடங்கி, சௌகிட் சந்தை, மஸ்ஜித் இந்தியா, பத்துமலை என்று கதை எழுதியாயிற்று. படித்தவர்கள் எல்லாரும் "சுற்றுலா விளம்பரம் மாதிரி இருக்கு" என்கிறார்கள். எங்கே கோளாறு?
– கல்லூரி மாணவி, செந்தூல்

படித்தவர்கள் சொன்னது சரிதான். எட்டு நிமிடத்தில் நான்கு இடம் என்றால் இடத்துக்கு இரண்டு நிமிடம். அதற்குள் இடத்தை அடையாளம் காட்டத்தான் நேரம் இருக்கும். அங்கே ஒருவருக்கு எதுவும் நடக்க நேரம் இருக்காது. 452 மீட்டர் கோபுரத்தை எந்தக் கோணத்தில் எடுத்தாலும் அது சொல்லப்போவது "இது கோலாலம்பூர்" என்ற ஒரே செய்தி. மோனோரயிலின் நிலைய அறிவிப்பு அதையே இரண்டு விநாடியில் சொல்லிவிடும்.

ஒரு வழி, ஒரு வேளை, ஓர் ஆள். இதற்குமேல் எட்டு நிமிடம் தாங்காது. அந்த ஆளை இந்த நகரம் என்ன செய்கிறது என்பதுதான் உங்கள் கதை. ஓர் உதாரணம்: கேஎல் சென்ட்ரலில் ரயிலை விட்டு இறங்கி மோனோரயிலுக்கு மாறுபவர்கள் நூ சென்ட்ரல் பேரங்காடிக்குள் புகுந்துதான் மறுபக்கம் போகிறார்கள். வாங்க எதுவும் இல்லாதவரும் வாசனைத் திரவியக் கடையையும் குளிர்காற்றையும் கடந்தாக வேண்டும். இப்போது அந்த வழியில் ஓர் அம்மாவை நடக்கவிடுங்கள். ஊரிலிருந்து தம்பி மகன் காடியில் கூட்டிவந்து கேஎல் சென்ட்ரல் வாசலில் இறக்கிவிட்டுப் போய்விட்டான். சௌகிட் பக்கம் இருக்கும் மகள் வீட்டுக்கு அவர் தனியாகப் போக வேண்டும். கையில் பழைய நாளிதழில் சுற்றிய துரியன், சொந்த மரத்துப் பழம். துரியனோடு ரயிலேற அனுமதியில்லை என்பது நமக்குத் தெரியும், அவருக்குத் தெரியாது. வழியெல்லாம் ஆட்கள் திரும்பிப் பார்க்கிறார்கள். நிலைய வாசலில் காவலாளி மரியாதையாகவே நிறுத்துகிறார். அந்த அம்மா என்ன செய்கிறார்? இதில் கோபுரமும் இல்லை, பத்துமலையும் இல்லை. ஆனால் பார்ப்பவர் யாரும் இது எந்த ஊர் என்று கேட்கமாட்டார்.

கணக்கையும் பார்த்துவிடுவோம். ஒரு ஷாட் சராசரி ஐந்து விநாடி என்று வைத்தால் எட்டு நிமிடத்துக்கு 90 முதல் 100 ஷாட் வரும். தெருவில், சின்னக் குழுவோடு, ஒரு நாளில் 20, 25 ஷாட் எடுத்தாலே பெரிய காரியம். ஆகவே 100 ஷாட்டுக்கு நான்கு நாள். இரண்டே நாள்தான் இருக்கிறது என்றால் ஷாட்டை நீளமாக்குங்கள். அவசர அவசரமாக நாளுக்கு 50 எடுக்காதீர்கள். இன்னொன்று: ஒரு பக்கம் ஒரு நிமிடம் என்ற பொதுக் கணக்கைத் தமிழ்த் திரைக்கதைக்கு அப்படியே வைக்காதீர்கள். தமிழில் சொற்கள் நீளம், பக்கம் சீக்கிரம் நிறைந்துவிடும். கடிகாரத்தை வைத்துக்கொண்டு, நடக்கிற நேரம், பேசாத நேரம் எல்லாம் சேர்த்து, வாய்விட்டுப் படித்து அளங்கள்.

மாமாக் கடையில், அதாவது இந்திய முஸ்லிம் உணவகத்தில், இருவர் பேசும் காட்சி. காற்றாடி கேட்கிறது, தொலைக்காட்சிப் பந்தாட்டம் கேட்கிறது, தட்டு கேட்கிறது. பேச்சு மட்டும் கேட்கவில்லை. கம்பியில்லா ஒலிவாங்கி வாங்கினால் சரியாகிவிடுமா?
– வாசகர், ஜாலான் ஈப்போ

வாங்கினால் பாதி சரியாகும். மீதி, கடையில் நீங்கள் செய்ய வேண்டிய ஏற்பாடு.

முதலில் நேரம். மதியக் கூட்டம் கலைந்து மாலைத் தேநீர்க் கூட்டம் சேர்வதற்குள், மூன்று மணியை ஒட்டி ஓர் இடைவெளி கிடைக்கும். கடைக்காரரிடம் முன்பே பேசி அதைக் கேட்டு வாங்குங்கள். தொலைக்காட்சியை அணைக்கச் சொல்லுங்கள், ஒலியைக் குறைத்தால் போதாது. பின்னணியில் ஒரு சினிமாப் பாட்டு நான்கு வரி ஓடினாலும் அதன் உரிமை உங்களுடையது அல்ல. படம் விழாவுக்குப் போகும்போதும் இணையத்தில் ஏறும்போதும் அது வந்து காலைப் பிடிக்கும். தவிர, பாட்டு ஓடிக்கொண்டிருக்கும்போது எடுத்த காட்சியை வெட்டி ஒட்டவே முடியாது. ஒவ்வொரு வெட்டிலும் பாட்டு குதிக்கும்.

அடுத்தது காற்றாடி. சுவர்க் காற்றாடி தலையை ஆட்டும் வகையாக இருந்தால், பத்துப் பதினைந்து விநாடிக்கு ஒருமுறை காற்று ஒலிவாங்கியில் மோதிப் புஸ்ஸென்று அடிக்கும். அந்த மேசைக்கு மேலே இருப்பதை மட்டும் நிறுத்துங்கள், தூரத்தில் இருப்பது ஓடட்டும். சட்டையில் மாட்டும் ஒலிவாங்கியை மோவாய்க்கு 15, 20 சென்டிமீட்டர் கீழே, நெஞ்சின் நடுவில் பொருத்துங்கள். பருத்தித் துணி நல்லது. பாலியஸ்டர் சட்டையும் செயற்கைப் பட்டுச் சேலையும் அசையும்போதெல்லாம் சரசரக்கும். வேறு வழியில்லை என்றால் ஒலிவாங்கியின் இரண்டு பக்கமும் துணி நாடாவை ஒட்டித் துணியை அசையாமல் செய்யுங்கள். நடிகர் கையில் இருக்கும் எவர்சில்வர்த் தட்டுக்கு அடியில் ஒரு துண்டுத் துணி போடுங்கள், படத்தில் தெரியாது. பின்னால் உட்கார்ந்திருப்பவர்கள் வாயை அசைக்கட்டும், குரல் வர வேண்டாம்.

இப்படிக் கடையை அமைதியாக்கி எடுத்தால் பேச்சு சுத்தமாக வரும், ஆனால் அது மாமாக் கடையாக இருக்காது. கடையைப் பிறகு தனியாகப் பிடிக்க வேண்டும். மாவை மேசையில் அடிக்கும் சத்தம், தே தாரிக் ஒரு குவளையிலிருந்து இன்னொன்றில் விழும் சத்தம், கரண்டி தோசைக்கல்லில் உரசுவது, "தே ஓ ஐஸ் லிமாவ் ஒன்னு!" என்று உள்ளே குரல் கொடுப்பது. ஒவ்வொன்றையும் அரை மீட்டருக்குள் நின்று ஒரு நிமிடம் பதிவு செய்யுங்கள். கடைசியாக எல்லாரும் அசையாமல் இருக்க, கடையின் வெறும் ஒலி 60 விநாடி. இந்த 60 விநாடியைத்தான் எல்லாரும் விட்டுவிடுகிறார்கள். படத்தொகுப்பில் இரண்டு வசனங்களுக்கு நடுவே இருக்கும் ஓட்டையை அடைக்க வேறு எதுவும் உதவாது.

பதிவு 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட். பேச்சின் உச்சம் மைனஸ் 12 டெசிபலைத் தொட்டால் போதும். அதற்குமேல் வைத்தால் யாராவது சிரிக்கும்போது உடையும். தொகுக்கும்போது கடை ஒலியை ஒரே நீளப் பதிவாக, வெட்டே இல்லாமல், காட்சி முழுவதற்கும் அடியில் ஓடவிடுங்கள். பேச்சைவிட 15 முதல் 20 டெசிபல் கீழே இருக்கட்டும். காட்சி தொடங்கும் முதல் ஐந்து விநாடி மட்டும் உயர்த்தி, பேச்சு வந்ததும் இறக்குங்கள்.

பள்ளிவாசலின் பாங்கு நேரத்தை நாட்காட்டியில் பார்த்துக்கொள்ளுங்கள். சில நிமிடங்களில் முடிந்துவிடும், அதுவரை நிறுத்திவையுங்கள். அந்த ஒலி படத்துக்கு வேண்டும் என்றால் முழுவதையும் தனியாகப் பதிவு செய்துகொண்டு தேவையான இடத்தில் வையுங்கள். மோனோரயில் தலைக்குமேல் போவதற்கும் இதே முறை: வருவது, கடப்பது, தேய்வது மூன்றும் ஒரே பதிவில் வேண்டும். அடுக்குமாடி வீட்டில் எடுக்கும்போது குளிர்ப்பெட்டியை அணைத்துவிட்டு வீட்டுச் சாவியையோ காடிச் சாவியையோ அதற்குள் வையுங்கள். சாவி இல்லாமல் கிளம்ப முடியாது; மறுபடி போட மறந்து மீனெல்லாம் கெட்டுப்போவதும் இருக்காது.

கடை விளக்கில் கைப்பேசியால் எடுத்தால் படத்தில் கறுப்புப் பட்டை ஓடுகிறது. கண்ணுக்கு அப்படித் தெரியவில்லையே?
– வாசகர், பிரிக்பீல்ட்ஸ்

நம் நாட்டு மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். மலிவான விளக்குகள் விநாடிக்கு 100 முறை மங்கி ஒளிரும். கண்ணுக்கு அது தெரியாது, கேமராவுக்குத் தெரியும். கைப்பேசி விநாடிக்கு 30 படம், ஷட்டர் (ஒவ்வொரு படத்துக்கும் ஒளியை உள்ளே விடும் நேரம்) 1/60 விநாடி என்று அமைந்திருந்தால் இந்தத் துடிப்போடு ஒத்துப்போகாது, பட்டை விழும். விநாடிக்கு 25 படம், ஷட்டர் 1/50 என்று கையால் பூட்டுங்கள். ஐபோனில் அமைப்புகளுக்குள் கேமராப் பகுதியில் பிஏஎல் (PAL) வடிவங்களைக் காட்டச் சொன்னால்தான் 25 தெரியவரும். 30லேயே எடுத்தாக வேண்டும் என்றாலும் ஷட்டரை 1/50 அல்லது 1/100இல் வைத்தால் பட்டை போய்விடும். ஷட்டரைப் பூட்ட முடியாத செயலி என்றால் வேறு செயலிக்கு மாறுங்கள்.

பகலில் ஒரு சிக்கல் வரும். பெரும்பாலான கைப்பேசிகளில் லென்சின் துளை மாறாது, திறந்தே இருக்கும். நல்ல வெயிலில் 1/50 வைத்தால் படம் வெள்ளையாகிவிடும். லென்சுக்கு முன்னால் வெளிச்சத்தைக் குறைக்கும் என்டி வடிகட்டி வேண்டும். திறந்த வெயிலுக்கு என்டி 64 அல்லது 128, ஐந்தடியின் (கடை வரிசைக்கு முன்னால் கூரையோடு இருக்கும் நடைபாதை) நிழலுக்கு என்டி 16 போதும். வடிகட்டி இல்லாமல் ஷட்டரை 1/1000க்கு ஏற்றினால் நடப்பவர்கள் வெட்டி வெட்டி நகர்வார்கள், பேருந்தின் எல்இடி பெயர்ப்பலகையில் பாதி எழுத்து காணாமல் போகும்.

எந்த நேரத்தில் எடுத்தால் நகரம் நன்றாக இருக்கும்? மதியம் எடுத்ததில் எல்லார் கண்ணும் பள்ளமாகத் தெரிகிறது.
– ஆசிரியை, கெப்போங்

கோலாலம்பூர் நிலநடுக்கோட்டுக்கு 3 பாகை வடக்கே இருக்கிறது. உச்சி வெயில் தலைக்கு நேர் மேலேதான். மார்ச் கடைசியிலும் செப்டம்பர் நடுவிலும் நிழல் காலடிக்குள் போய்விடும். அந்த உச்சி நம் கடிகாரத்தில் 12 மணிக்கு வருவதில்லை. 1982 ஜனவரி முதல் நாள் தீபகற்பத்தின் கடிகாரம் அரை மணி முன்னே தள்ளப்பட்டது. அதனால் இப்போது உச்சிவேளை ஏறத்தாழ ஒன்றேகால் மணி. 11 முதல் 3 வரை முகங்களைத் திறந்த வெயிலில் எடுக்காதீர்கள். லெபோ அம்பாங் போன்ற பழைய தெருக்களின் ஐந்தடி அதற்கென்றே கட்டியது போல இருக்கும்: மேலே கூரை, பக்கத்திலிருந்து தெருவின் வெளிச்சம். ஆளைத் தெருவைப் பார்த்து நிறுத்துங்கள். எதிர்ச்சுவர் வெள்ளையாக இருந்தால் தனி விளக்கே வேண்டாம்.

மாலை இங்கே மிகச் சிக்கனம். ஆண்டு முழுக்க 7 மணிக்கும் 7.30க்கும் இடையில் சூரியன் இறங்கும். அதன்பின் வானம் நீலமாகவும் கடை விளக்குகள் மஞ்சளாகவும் சமமாகத் தெரிவது 15, 20 நிமிடம்தான். குளிர்நாட்டுக்காரர்கள் எழுதிய கையேட்டை நம்பி ஒரு மணி நேரம் என்று திட்டம் போடாதீர்கள். 6 மணிக்கே கேமராவை நிறுத்தி, நடிகரை இரண்டு முறை நடக்கவிட்டு ஒத்திகை பார்த்து, ஒரே ஒரு ஷாட்டை மட்டும் அந்த நேரத்துக்கு வையுங்கள். அதைத் திரும்பத் திரும்ப எடுங்கள்.

ஏப்ரலிலும், அக்டோபர் நவம்பரிலும் பிற்பகல் மழையை எதிர்பார்த்துத்தான் கிளம்ப வேண்டும். மழை பெரிய கெடுதல் இல்லை. காட்சியில் பாதி காய்ந்த தார், பாதி நனைந்த தார் என்பதுதான் கெடுதல். தரை தெரியும் அகல ஷாட்டுகளை முதலில் முடித்து, முக ஷாட்டுகளைக் கடைசிக்கு வைத்துக்கொண்டால் மழை வந்தாலும் கூரைக்கு அடியில் காட்சியை முடித்துவிடலாம்.

குளிரூட்டிய ரயிலிலிருந்தோ காடியிலிருந்தோ வெளியே வந்ததும் லென்சில் பனி படரும். துடைத்தால் மறுபடி படரும். கேமராவைப் பைக்குள்ளேயே மூடி வைத்து, வெளிச்சூட்டுக்கு வர 15 நிமிடம் விடுங்கள்.

தெருவில் படமெடுக்க அனுமதி வேண்டுமா? "கைப்பேசிதானே, யார் கேட்கப்போகிறார்கள்" என்கிறான் நண்பன்.
– வாசகர், செராஸ்

முக்காலியை விரித்ததும் கேட்பார்கள். தேசியத் திரைப்பட மேம்பாட்டுக் கழகமான பினாஸின் 1981ஆம் ஆண்டுச் சட்டப்படி திரைப்படத் தயாரிப்புக்கு உரிமம் வேண்டும். படப்பிடிப்புக்கு எஸ்பிபி என்ற சான்றிதழும் அங்கேதான். மாணவர்கள் கல்லூரிக் கடிதத்தோடு முதலில் பினாஸை அணுகுங்கள். நகரச் சாலை, நடைபாதை, பூங்கா என்றால் மாநகர மன்றம். ரயில் நிலையம் என்றால் அதை இயக்கும் நிறுவனத்தின் எழுத்து அனுமதி. பேரங்காடி தனியார் இடம், நிர்வாகத்தைக் கேட்க வேண்டும். மேலே சொன்ன துரியன் கதைக்கு இந்தக் கடைசி இரண்டும் கட்டாயம், கிடைக்காவிட்டால் உள்ளே நடப்பதை ஒலியால் காட்டி வாசல்களை மட்டும் வெளியிலிருந்து எடுக்கலாம். சண்டை, போலி ஆயுதம், சீருடை இருக்கும் காட்சி என்றால் பக்கத்துக் காவல் நிலையத்தில் சொல்லாமல் தொடங்கவே வேண்டாம். சிவப்புப் பலகையில் 'கவாசான் லாராங்கான்' (தடை செய்யப்பட்ட பகுதி) என்று இருக்கும் இடத்தின் பக்கம் கேமராவைத் திருப்பாதீர்கள்.

டிரோன்: 400 அடிக்கு மேல் கூடாது என்பது பொது வரம்பு. நகர மையத்தில் அதற்குக் கீழேயும் விமானத் துறை ஆணையமான சிஏஏஎம் அனுமதி வேண்டும், வான்படத்துக்கு நில அளவைத் துறையான ஜூபெம் அனுமதி தனி. ஒரு மேல்ஷாட்டுக்கு இவ்வளவு அலைச்சலா? அடுக்குமாடிக் கார்ப்பார்க்கின் உச்சித் தளத்திலிருந்து எடுங்கள். காகம் பார்க்கிற உயரம்தான் தெருவுக்கு அழகு.

அனுமதிச் சீட்டு இருந்தாலும் மனிதர்களைத் தனியாகக் கேட்க வேண்டும். பிரிக்பீல்ட்ஸில் பார்வையற்றோர் நடத்தும் உடம்புப்பிடி நிலையங்களைப் பலர் படமெடுக்க விரும்புகிறார்கள். கேமரா ஓடுகிறது என்பதையும் அது எங்கே நிற்கிறது என்பதையும் அவர்களிடம் வாயால் சொல்லுங்கள். சொல்லாமல் எடுப்பது திருட்டு. வெளிநாட்டுத் தொழிலாளர்களின் முகம் ஒரு படத்தில் வருவது அவர்களுக்குத் தொல்லையாக முடியலாம். கையை எடுங்கள், முதுகை எடுங்கள், அதுவும் கேட்டுவிட்டு.

நகரத்தின் வேகத்தைக் காட்ட டைம்லாப்ஸ் (இடைவெளி விட்டு எடுத்த படங்களைச் சேர்த்து வேகமாக ஓட்டுவது) வைக்கலாமா?
– வாசகர், பூச்சோங்

வைக்கலாம். விநாடிக்கு 25 படம் என்றால் 10 விநாடிக் காட்சிக்கு 250 படம்; வாகன நெரிசலை 2 விநாடிக்கு ஒன்றாக எடுத்தால் 8 நிமிடம் 20 விநாடி நிற்க வேண்டும், மேகத்துக்கு 4 விநாடி இடைவெளி விட்டால் அதைப் போல் இரண்டு மடங்கு. ஆனால் வைக்க வேண்டுமா என்று கேட்டால், வேண்டாம் என்போம். பின்விளக்குகள் சிவப்புக் கோடாக ஓடுவதை எல்லா ஊருக்கும் எடுத்தாயிற்று. இங்கே வாழ்பவருக்கு நகரம் வேகமாகப் போவதே இல்லை, காக்க வைக்கிறது. பதினேழு மாடி பிபிஆர் குடியிருப்பில் (குறைந்த வருமானத்தாருக்கான அரசு அடுக்குமாடி) காலை ஏழு மணிக்கு மின்தூக்கியின் முன்னால் கேமராவை ஒரு நிமிடம் அசையாமல் வையுங்கள். பள்ளிப் பையோடு பிள்ளைகள், ஹெல்மெட்டை மாட்டியபடியே ஒருவர், எரிவாயுத் தோம்பு சுமந்தவர். கதவு திறக்கிறது, உள்ளே ஏற்கெனவே நிறைந்திருக்கிறது, யாரும் எதுவும் பேசாமல் அடுத்ததற்கு நிற்கிறார்கள். அந்த ஒரு நிமிடத்தை வெட்டாதீர்கள்.

படம் தொடங்கும்போது உதடும் குரலும் சரியாக இருக்கிறது, போகப்போக விலகுகிறது.
– வாசகர், ரவாங்

கைப்பேசி, வெளிச்சத்துக்கு ஏற்ப விநாடிக்கான பட எண்ணிக்கையைத் தானே கூட்டிக் குறைக்கும். தனிக்கருவியில் பதிந்த ஒலி நிலையாக ஓடும். தொகுக்கும் முன் எல்லாக் காணொளியையும் ஹேண்ட்பிரேக் மென்பொருளில் நிலையான 25க்கு மாற்றிவிடுங்கள். பாதி தொகுத்த பிறகு மாற்றினால் வெட்டு எல்லாம் இடம் மாறும். படத்தையும் ஒலியையும் பொருத்த, ஒவ்வொரு ஷாட்டுக்கும் முன்னால் கேமராவுக்குத் தெரிய ஒரு கைதட்டல் போதும்.

பாத்திரங்கள் தமிழ், மலாய், ஆங்கிலம் கலந்து பேசுகிறார்கள். வசனத்தைச் செந்தமிழாக்கச் சொல்கிறார் எங்கள் பொறுப்பாசிரியர். துணையுரை எப்படி வைப்பது? தமிழ்த் தலைப்பும் உடைந்து தெரிகிறது.
– கல்லூரி மாணவர் குழு, ஷா ஆலாம்

பொறுப்பாசிரியரிடம் பணிவாகவே சொல்லுங்கள்: மாமாக் கடையில் "அண்ணே, ரொட்டி சானாய் ரெண்டு, ஒன்னு புங்குஸ்" என்று கேட்பவர் அப்படித்தான் கேட்பார். ஆனால் எல்லாப் பாத்திரமும் ஒரே கலவையில் பேசினால் அதுவும் பொய். தோட்டத்திலிருந்து வந்த பாட்டியின் மலாய் வேறு, பங்சாரில் வேலை பார்க்கும் பேத்தியின் ஆங்கிலம் வேறு. வசனத்தை எழுதியதும், பேசப்போகும் நடிகரிடம் கொடுத்து அவர் வாயில் வரும்படி திருத்தச் சொல்லுங்கள். நண்பர்களுக்குள் மச்சி, பெரியவருக்கு ஐயா, கடைக்காரருக்கு அண்ணே அல்லது பாஸ். இந்த விளிகளை மாற்றிப்போட்டால் உறவே மாறிவிடும்.

மலாய், ஆங்கிலத் துணையுரை இரண்டு வரிக்குள், வரிக்கு 40 எழுத்துக்குள் இருக்கட்டும். குறைந்தது ஒரு விநாடி, அதிகம் ஆறு விநாடி திரையில் நிற்கலாம். விநாடிக்கு 15 எழுத்துக்குமேல் போனால் பார்ப்பவர் படத்தை விட்டுவிட்டு எழுத்தைத் துரத்துவார். கோப்பை யுடிஎஃப் 8 வடிவில் சேமியுங்கள், இல்லாவிட்டால் தமிழ் இருக்கும் இடமெல்லாம் கட்டமும் கேள்விக்குறியும்தான்.

தலைப்பு உடைவது மென்பொருளின் கோளாறு. 'கொ' என்று தட்டினால் கொம்பும் காலும் எழுத்தை விட்டுத் தனித்தனியாக நிற்கும், புள்ளி அடுத்த எழுத்தின் மேல் ஏறும். பிரீமியர் என்ற படத்தொகுப்பு மென்பொருளில் விருப்பத்தேர்வுகளுக்குள் கிராபிக்ஸ் பகுதியில் எழுத்துமுறையைத் தெற்காசிய மொழிகளுக்கு மாற்றுங்கள். மாற்றியதும் தலைப்பைப் புதிதாகத் தட்டிப் பாருங்கள். எந்த மென்பொருளானாலும் 'கொ, போ, கௌ, ஸ்ரீ' நான்கையும் முதலில் தட்டிச் சோதிக்கலாம். அப்படியும் உடைந்தால், தமிழ் ஒழுங்காக வரும் வேறு மென்பொருளில் தலைப்பை எழுதிப் பின்னணி இல்லாத பிஎன்ஜி படமாக, 1920க்கு 1080 அளவில் சேமித்துப் படத்தின் மேல் வையுங்கள். இறுதிப் பெயர்ப்பட்டியலுக்கும் இதே வழிதான். பெயர்களை அச்சிட்டு ஒவ்வொருவரிடமும் காட்டிக் கையொப்பம் வாங்கிய பிறகு படமாக்குங்கள். பிஎன்ஜி ஆன பின் ஒரு புள்ளியைத் திருத்தவும் முதலிலிருந்து எழுத வேண்டும்.